அந்த வாயும் மூன்று கத்தெரீனாக்களும்

'ராணி மார்கோ' படத்தை முதல் தடவை போட்டபோது இசபெல் அஜானிக்காகத்தான் உட்கார்ந்தேன். டிவிடி காலம். அரை மணி நேரத்தில் அஜானியை விட்டுவிட்டு வேறொரு முகத்தைத் தேட ஆரம்பித்திருந்தேன். கறுப்பு உடை, சுண்ணாம்பு பூசிய மாதிரி வெளுத்த முகம், முன்முடி பின்வாங்கி மேலேறிப்போன நெற்றி, கோடு கிழித்த மாதிரி உதடு. ராஜமாதா கத்தரீன் தெ மெதிசி. அவள் அறைக்குள் வந்தால் மற்றவர்கள் எல்லோரும் ஒரு அங்குலம் குறைந்துபோகிறார்கள். யாரோ பிரெஞ்சு நாடக மேடையில் ஐம்பது வருஷம் ஊறிய கிழவி என்று நானே முடிவு கட்டிக்கொண்டு, பெயரைக்கூடப் பார்க்காமல் டிவிடியைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன்.

சில வருஷம் கழித்து ஒரு ராத்திரி தூக்கம் வராமல் பழைய இத்தாலியத் தொலைக்காட்சி விளம்பரங்களை மேய்ந்துகொண்டிருந்தேன். எதற்கு என்று கேட்காதீர்கள். கறுப்பு வெள்ளையில் ஒரு பற்பசை விளம்பரம் வந்தது. இருபது, இருபத்தொன்று வயசுப் பெண். பல்லெல்லாம் முத்து. விர்னா லீசி என்று பெயர் போட்டிருந்தது. அப்புறம் தேடினால், அந்தக் கிழவியும் இந்தப் பெண்ணும் ஒரே ஆள்.

மறுபடி படத்தை எடுத்து, நிறுத்தி நிறுத்தி அந்த முகத்தைப் பார்த்தேன். அடையாளம் பிடிபடவே இல்லை. அன்றிலிருந்து விர்னா லீசி நடித்தது எது கண்ணில் பட்டாலும் பார்த்துவிடுவேன். பார்த்த வரையில் எனக்குத் தோன்றியதைச் சொல்கிறேன்.

1936 நவம்பர் 8, அங்கோனா. அத்ரியாத்திக் கடலோரத் துறைமுக நகரம். நிஜப் பெயர் விர்னா பியராலீசி; குடும்பப் பெயரின் முன்பாதியைக் கத்தரித்துவிட்டு வாலை வைத்துக்கொண்டார். அப்பாவுக்குப் பளிங்குக்கல் வியாபாரம். ரோமுக்குக் குடிவந்த பிறகு, குடும்பத்துக்குப் பழக்கமான பாடகர் ஜாக்கமோ ரொந்தினெல்லா மூலம் தயாரிப்பாளர் அறிமுகம் கிடைத்தது. 1953இல் நேப்பிள்ஸ் பாட்டுகள் நிறைந்த ஒரு படத்தில் முதல் வேஷம். அந்த வருஷங்களில் இத்தாலியில் அழகான பெண் எவருக்கும் நடக்கக்கூடியது நடந்தது: வரிசையாகப் படங்கள், எல்லாவற்றிலும் யாராவது ஒருவர் அவரைப் பார்த்து வாயைப் பிளப்பார். இதில் நின்று பார்க்க அதிகம் இல்லை.

நின்று பார்க்க வேண்டியது தொலைக்காட்சி. இத்தாலியின் அரசுத் தொலைக்காட்சியான ராய் 1954 ஜனவரியில் தொடங்கியது. வீட்டில் பெட்டி வைத்திருந்தவர்கள் கொஞ்சம் பேர். மற்றவர்கள் தெருமுனை பாரில் நாற்காலி போட்டு உட்கார்ந்து பார்த்தார்கள். விளம்பரத்தை எப்படிக் காட்டுவது என்று ராய் ரொம்ப யோசித்தது. 1957 பிப்ரவரியில் விடை கிடைத்தது, பெயர் 'கரோசெல்லோ'. ராத்திரி எட்டு ஐம்பதுக்குப் பத்து நிமிஷம். ஒவ்வொரு விளம்பரமும் ஒரு குட்டி நாடகம். சுமார் இரண்டு நிமிஷம். நாடகத்துக்குள் பொருளைப் பற்றி மூச்சு விடக்கூடாது. கடைசி அரை நிமிஷத்தில் மட்டும் பெயரைச் சொல்லிக்கொள்ளலாம். இந்தக் கெடுபிடியால்தான் விளம்பரக் கம்பெனிகள் நல்ல எழுத்தாளர்களையும் நடிகர்களையும் தேடிப் போக வேண்டியதாயிற்று. இத்தாலியின் பெரிய நகைச்சுவை நடிகர் தொத்தோவே நடித்திருக்கிறார். ஒரு தலைமுறை இத்தாலியக் குழந்தைகள் கரோசெல்லோ முடிந்ததும் படுக்கைக்குப் போனார்கள். அதுதான் வீட்டுச் சட்டம்.

இந்தப் பத்து நிமிஷத்துக்குள்தான் குளோரொதோன்த் பற்பசை வந்தது, கூடவே விர்னா லீசியும். விளம்பரத்தின் முத்தாய்ப்பு வாசகம் இப்படி: "அந்த வாய் இருந்தால் எதை வேண்டுமானாலும் சொல்லலாம்!" இத்தாலி முழுக்க இது பழமொழி மாதிரி ஆகிவிட்டது. நம் ஊரில் 'வாய் உள்ள பிள்ளை பிழைக்கும்' என்கிறோம். நாம் வாய் என்றால் பேச்சு. அங்கே அந்த வாசகத்தில் வாய் என்றால் உதடும் பல்லும். அந்த வாய் என்ன சொல்கிறது என்பதில் யாருக்கும் அக்கறை இல்லை, அழகாக இருந்தால் போதும். ஒரு நடிகைக்கு இதைவிட மோசமான பாராட்டுப் பத்திரம் கிடையாது என்பேன். இந்த வாசகம் கடைசி வரை அவரை விடவில்லை.

வேடிக்கை என்னவென்றால், கரோசெல்லோ தொடங்கிய அதே 1957இல் ராய் 'ஓர்கோலியோ எ ப்ரெஜுதீட்சியோ' என்று ஐந்து பகுதித் தொடர் ஒன்றை ஒளிபரப்பியது. ஜேன் ஆஸ்டினின் 'பிரைட் அண்ட் பிரெஜுடிஸ்'தான். எலிசபெத் பென்னட், அங்கே எலிசபெத்தா, நம் லீசி. இலக்கிய உலகத்திலேயே வாய்த்துடுக்குக்குப் பேர்போன பெண்களில் ஒருத்தி எலிசபெத். அவளுக்குக் கிடைத்த நல்லதும் கெட்டதும் பேச்சால்தான். இந்த மாதிரி நாவல் தொடர்களை இத்தாலியர்கள் 'ஷெனெஜ்ஜாத்தோ' என்பார்கள். ஸ்டுடியோவுக்குள் மேடை நாடகம் மாதிரி செட் போட்டு, நீளமான வசனங்களோடு, மெதுவாக நகரும். இன்றைக்குப் பார்த்தால் கொட்டாவி வரும், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் நடிகர்களுக்கு அது கடுமையான பள்ளிக்கூடம். பக்கம் பக்கமாக வசனத்தை மனப்பாடம் செய்து, வெட்டும் ஒட்டும் இல்லாமல் பேச வேண்டும். அதே வருஷம் மிலானின் பிக்கோலோ தியேத்ரோவில் ஜார்ஜோ ஸ்த்ரேலர் இயக்கிய 'யாக்கோபின்கள்' நாடகத்திலும் நடித்தார். ஸ்த்ரேலர் லேசுப்பட்ட ஆள் இல்லை. 1962இல் மறுபடி ராய்க்காகத் தியோடர் டிரைசரின் 'ஓர் அமெரிக்கத் துயரம்' தொடர்.

ஆக, பற்பசைப் பெண் என்று ஊர் சொல்லிக்கொண்டிருந்த காலத்திலேயே அவர் ஆஸ்டினும் டிரைசரும் ஸ்த்ரேலரும் கேட்ட வேலையைச் செய்துகொண்டிருந்தார். இதை யாரும் கணக்கில் எடுத்துக்கொள்ளவில்லை.

1960இல் ஃப்ராங்கோ பெஷி என்பவரைக் கல்யாணம் செய்துகொண்டார்; கட்டடத் தொழில்காரர், சினிமாக்காரர் இல்லை. 1962இல் ஒரு மகன். கணவர் 2013இல் இறக்கும் வரை அந்தக் கல்யாணம் நீடித்தது. ஐம்பத்து மூன்று வருஷம். இத்தாலிய சினிமா வட்டாரத்தில் இது கிட்டத்தட்டக் கின்னஸ் சமாசாரம்.

அப்புறம் ஹாலிவுட். 1962 ஆகஸ்டில் மர்லின் மன்றோ இறந்த பிறகு, ஸ்டுடியோக்கள் அந்தக் காலியிடத்துக்கு ஆள் தேடிக்கொண்டே இருந்தன. பொன்னிற முடியோடு யார் தென்பட்டாலும் கூப்பிட்டு நிறுத்திப் பார்த்தார்கள். லீசி போய் இறங்கிய படம் 'ஹவ் டு மர்டர் யுவர் வைஃப்', 1965, கதாநாயகன் ஜாக் லெமன். நாயகன் கார்ட்டூன் வரைபவன், கல்யாணம் என்றாலே காத தூரம் ஓடுபவன். ஒரு விருந்தில் பெரிய கேக்கை உள்ளே தள்ளிக்கொண்டு வருகிறார்கள். கேக்கைப் பிளந்துகொண்டு ஒரு பெண் எழுகிறாள். விடிந்து பார்த்தால் போதையில் அவளையே கல்யாணம் செய்துகொண்டு படுத்திருக்கிறான். அவளுக்கு இங்கிலீஷ் ஒரு வார்த்தை தெரியாது.

இந்தப் படத்தை நான் இரண்டு தடவை பார்த்தேன். இரண்டாம் தடவை ஒரு விஷயத்துக்காக மட்டும்: அந்தப் பெண்ணுக்குப் பெயர் என்ன? பெயரே கிடையாது. படம் முடியும் வரை ஒருவரும் அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. நடிகர் பட்டியலில்கூட 'மிஸஸ் ஃபோர்டு'தான். வாய் இருக்கிறது, பாஷை இல்லை, பெயரும் இல்லை. அவள் இங்கிலீஷ் கற்றுக்கொள்வது எப்படித் தெரியுமா? ராத்திரியெல்லாம் தொலைக்காட்சி பார்த்து. எழுதியவர் ஜார்ஜ் ஆக்ஸல்ராட். தொலைக்காட்சியிலிருந்து வந்த ஒரு நடிகைக்குத்தான் இந்தக் காட்சியை எழுதுகிறோம் என்பது அவருக்குத் தெரிந்திருக்குமோ என்னமோ. படத்தின் பெண் வெறுப்பு இன்றைக்குப் பல்லில் கல் சிக்கின மாதிரி இருக்கும். ஆனால் பாஷை புரியாமல் சிரித்தபடி, தலையாட்டியபடி, கணவனின் பிரம்மச்சாரி வீட்டைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தன் வீடாக்கிக்கொள்ளும் அந்த நிதானம் இருக்கிறதே, லெமன் மாதிரி ஒரு நகைச்சுவைக்காரனுக்கு எதிரே தாளம் தப்பாமல் நிற்பது சாதாரண வேலை இல்லை.

அதே 1965 மார்ச் மாதம் 'எஸ்குயர்' பத்திரிகை அட்டையில் லீசி. முகமெல்லாம் சவர நுரை, கையில் ரேஸர். அமெரிக்கப் பெண்கள் ஆண்களாக மாறிக்கொண்டிருக்கிறார்கள் என்று கிண்டலடித்த கட்டுரைக்காக ஜார்ஜ் லோயிஸ் வடிவமைத்த அட்டை. இன்றும் சிறந்த பத்திரிகை அட்டைகள் என்று பேச்சு வந்தால் இதை எடுத்துக் காட்டுகிறார்கள். நான் அதில் பார்ப்பது வேறு. நுரை மூடாமல் விட்டிருப்பது கண்ணையும் அந்த வாயையும்தான்.

டோனி கர்ட்டிஸோடு ஒரு படம். ஃபிராங்க் சினாட்ராவோடு ஒரு படம். மூழ்கிக்கிடந்த நீர்மூழ்கிக் கப்பலை மேலே கொண்டுவந்து 'குவீன் மேரி' கப்பலைக் கொள்ளையடிக்கப் போகும் கதை, அதைச் சொன்னாலே எப்படிப்பட்ட படம் என்று புரிந்துவிடும். அடுத்து வந்தது 'பார்பரெல்லா'. விண்வெளியில் உடைகளைக் களைந்துகொண்டே போகும் நாயகி. லீசி மாட்டேன் என்றார். ஒப்பந்தத்தை முறித்துக்கொண்டு ரோமுக்குத் திரும்பிவிட்டார். அந்த வேஷம் ஜேன் ஃபோண்டாவுக்குப் போனது, 1968இல் படம் வந்தது, மற்றது ஊரறிந்த கதை. அவர் ஒரு வாய்ப்பைக் கோட்டை விட்டுவிட்டார் என்று அங்கலாய்ப்பவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. அந்த வாய் தன் இஷ்டத்துக்குச் சொன்ன முதல் பெரிய வார்த்தை 'மாட்டேன்' என்பதுதான்.

இந்த இடத்தில் கொஞ்சம் சண்டைக்கு வருகிறேன். லீசியைப் பற்றி எழுதுபவர்களுக்கு ஒரு வாய்ப்பாடு இருக்கிறது: இளமையில் வெறும் அழகி, அழகை அழித்துக்கொண்ட பிறகுதான் நடிகை. கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் 1966இல் பியத்ரோ ஜெர்மி எடுத்த 'சிஞ்ஞோரே எ சிஞ்ஞோரி'யைப் பார்த்தவர்கள் இதை எப்படி ஒத்துக்கொள்வார்கள்? வெனெத்தோ பகுதியில் ஒரு சின்ன நகரம். படம் பிடித்தது திரெவீசோவில். மூன்று கதைகள். நடுக் கதையில் லீசி ஒரு காபிக்கடை காசாளர், மிலேனா. வங்கிக் குமாஸ்தா பிசிகாத்தோ அவளைக் காதலிக்கிறான். அவனுக்கு ஏற்கெனவே பிடுங்கித் தின்கிற மனைவி. இத்தாலியில் விவாகரத்துச் சட்டம் வந்ததே 1970 டிசம்பரில்தான். 1966இல் மாட்டிக்கொண்டவன் மாட்டிக்கொண்டவன்தான். கள்ளக்காதலை ஓசைப்படாமல் நடத்தியிருந்தால் ஊர் கண்ணை மூடிக்கொண்டிருக்கும், ஏனென்றால் ஊரில் எல்லோரும் அதைத்தான் செய்கிறார்கள். இவன் செய்த குற்றம், அவளோடு பகிரங்கமாக வாழ ஆசைப்பட்டது. அவ்வளவுதான், சர்ச், போலீஸ், வங்கி, நண்பர்கள் எல்லோரும் கைகோத்துக்கொள்கிறார்கள்.

காஸ்தோனே மோஸ்கின் பிசிகாத்தோவாகக் கத்துகிறார், ஆடுகிறார், அழுகிறார். மிலேனா அதிகம் பேசுவதில்லை. ஊர் தன்னை எப்படிப் பார்க்கிறது என்பது அவளுக்கு முன்னாலேயே தெரியும், அவனுக்குத்தான் தெரியாது. கல்லாவுக்குப் பின்னால் உட்கார்ந்திருக்கும் அந்த முகத்தில் சந்தோஷம் வரும்போதே கூடவே ஒரு தயக்கமும் வந்துவிடுகிறது. அழகான பெண்ணை ஒரு ஊர் என்ன செய்யும் என்பதை, அழகைக் குறைத்துக்கொள்ளாமலேயே காட்டியிருக்கிறார். அந்த வருஷம் கான் திரைப்பட விழாவில் க்ளோத் லலூஷின் 'ஓர் ஆணும் ஒரு பெண்ணும்' படத்தோடு உச்ச விருதை இந்தப் படம் பகிர்ந்துகொண்டது. லீசியைப் பற்றி யாராவது ஒரு படம் மட்டும் சொல்லு என்று கேட்டால் சில நாள் இதைத்தான் சொல்வேன்.

1969இல் ஸ்டான்லி கிரேமரின் 'தி சீக்ரெட் ஆஃப் சாந்தா வித்தோரியா'. ஜெர்மானியர்களிடமிருந்து பத்து லட்சம் மது பாட்டில்களை ஒளித்துவைக்கும் மலைக்கிராமம். அந்தோனி குவின்னும் அன்னா மஞ்ஞானியும் சட்டி பானையை வீசிச் சண்டை போடும்போது மற்றவர்கள் கண்ணுக்குத் தெரிவது கஷ்டம். லீசிக்கு ஊர்க் கோமகள் வேஷம். பெயர் கத்தெரீனா. இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

எழுபதுகளின் முற்பாதியில் நடித்ததெல்லாம் நடித்ததாகவே இருந்தது, சொல்ல ஒன்றும் இல்லை. திருப்பம் 1977இல், லிலியானா கவானியின் படத்தில். தத்துவவாதி நீட்சே, அவருடைய நண்பர்கள் லூ சலோமே, பால் ரே மூவரின் கதை. லீசிக்கு நீட்சேயின் தங்கை எலிசபெத். அண்ணன் மீது பொறாமையும் பக்தியும் சரிபாதியாகக் கலந்த, இறுகிப்போன பெண். நாற்பது வயது நடிகைக்கு யாரும் ஆசைப்பட்டுக் கேட்கும் வேஷம் இல்லை. 1980இல் லத்துவாதாவின் 'லா சிகாலா'வில் மார்க்கெட் போன மேடைப் பாடகி. சிறந்த நடிகைக்கான தவீத் தி தொனதெல்லோ, இத்தாலியின் பெரிய சினிமா விருது, கிடைத்தது. 1983இல் கார்லோ வன்ஸீனாவின் 'சப்போரே தி மாரே', அதற்குத் துணை நடிகைக்கான தவீத்.

இந்தக் கடைசிப் படம் ஒரு ஜனரஞ்சகக் கடற்கரைப் படம், பாட்டுக்காகவும் ஏக்கத்துக்காகவும் ஓடியது. அறுபதுகளின் நடுவில் ஃபோர்த்தே தெய் மார்மியில் கோடை விடுமுறை. ஒரு பையன், வயதில் மூத்த அத்ரியானா என்ற பெண்மேல் மயங்குகிறான். அத்ரியானா லீசிதான். கணக்குப் போட்டுப் பாருங்கள்: கதை நடக்கும் அந்தக் கோடைகளில் நிஜ லீசிக்கு முப்பதுகூட ஆகவில்லை, கேக்கிலிருந்து எழுந்துகொண்டிருந்தார். தன் இளமைக் காலத்தைக் காட்டும் படத்துக்குள் மூத்த பெண்ணாக நுழைகிறார். கடற்கரையில் ஓடும் சின்னப் பெண்களை அவர் பார்க்கும் பார்வையில் இது தெரியும். தெரிந்தே செய்தாரா என்று கேட்டால் பதில் இல்லை. எனக்குத் தெரிகிறது, அவ்வளவுதான்.

1989இல் லுயீஜி கொமென்சீனியின் படம் ஒன்று நம்மவர்களுக்கு உடனே பிடிபடும். வீட்டைக் காலி செய்ய வேண்டிய வயதான தம்பதி, இரண்டு மகள்கள், அப்பா ஒருத்தி வீட்டில், அம்மா இன்னொருத்தி வீட்டில். கல்யாணமாகி இத்தனை வருஷத்துக்குப் பிறகு புருஷனும் பெண்டாட்டியும் காதலர்கள் மாதிரி ஒளிந்து ஒளிந்து சந்தித்துக்கொள்கிறார்கள். கணவராக மிஷேல் செர்ரோ. இதற்கு வெள்ளி நாடா விருது, நாஸ்த்ரோ தார்ஜெந்தோ.

இப்போது 'ராணி மார்கோ'வின் ராஜமாதாவுக்கு வருவோம். 1572 ஆகஸ்ட், பாரிஸ். கத்தோலிக்க இளவரசி மார்கோவுக்கும் புராட்டஸ்டண்ட் ஆன்ரிக்கும் கல்யாணம். சம்மதமா என்று கேட்கும்போது மார்கோ வாயைத் திறக்க மாட்டாள். அவள் அண்ணன், ராஜா சார்ல், பின்னாலிருந்து தலையைப் பிடித்துத் தள்ளுவான், அதுவே சம்மதம். ஆறே நாளில் பர்த்தலோமேயு நாள் படுகொலை, புராட்டஸ்டண்டுகளை வெட்டிச் சாய்த்தது. இதையெல்லாம் ஆட்டிவைக்கிற கை கத்தரீன். இயக்குநர் பத்ரீஸ் ஷெரோ மேடையிலிருந்து வந்தவர். ஆட்களை நெருக்கித் தள்ளி, வியர்வையும் ரத்தமுமாகப் படம் எடுத்திருக்கிறார். அந்தக் கூட்டத்தில் வியர்க்காத ஒரே ஆள் லீசி.

கத்தரீன் பிறந்தது ஃப்ளாரன்ஸில். பிரெஞ்சு அரண்மனைக்கு வாழ்க்கைப்பட்டு வந்த இத்தாலியப் பெண்; அங்கே கடைசி வரை அசலூர்க்காரி. படத்திலும் அப்படித்தான், பிரெஞ்சு நட்சத்திரங்களுக்கு நடுவே ஓர் இத்தாலிய நடிகை. படுகொலை நடந்தபோது நிஜ கத்தரீனுக்கு ஐம்பத்து மூன்று வயது. லீசிக்கும் கிட்டத்தட்ட அதே வயசுதான். ஆனால் திரையில் வயதே சொல்ல முடியாத ஏதோ ஒன்றாகத் தெரிகிறார், பாதி பிணம், பாதி பல்லி. பேசும்போது உதடு பிரிவதே தெரியாது. அந்த வாயைத்தான் பற்பசைக்காரர்கள் நாடு முழுக்கக் காட்டினார்கள் என்பதை நினைத்துக்கொண்டு பாருங்கள்.

ஆன்ரியைக் கொல்வதற்காகப் பக்கங்களில் விஷம் தடவிய புத்தகம் ஒன்று தயாராகிறது. விரலை நாக்கில் தொட்டுப் பக்கம் புரட்டுகிறவன் சாவான். அது கை மாறி மகன் சார்லிடம் போய்விடுகிறது. ராஜா மெல்ல மெல்ல ரத்தமாக வியர்க்கிறான். தான் வைத்த விஷம் தன் பிள்ளையின் உடம்பில் ஏறிவிட்டது என்று தெரிந்த பிறகும் லீசி அரற்றுவதில்லை, மார்பில் அடித்துக்கொள்வதில்லை. பெரிய வில்லிகளுக்கு உள்ளே ஒரு பாவப்பட்ட தாய் இருப்பாள் என்று காட்டிக் கைதட்டு வாங்குவது வழக்கம். இவர் அந்தச் சலுகையைக் கத்தரீனுக்குக் கொடுக்கவில்லை. அவளுக்குச் செல்லப் பிள்ளை வேறொருவன், அன்ஜு. அதை அவள் மறைப்பதும் இல்லை. சாகிற பிள்ளையைப் பார்க்கும்போதே அடுத்த ராஜா யார் என்ற கணக்கும் அந்த முகத்தில் ஓடுகிறது. இரண்டையும் ஒரே நேரத்தில் பார்க்க முடிவதுதான் குலை நடுங்க வைக்கிறது.

1994 கான் விழாவில் நடுவர் குழுத் தலைவர் கிளின்ட் ஈஸ்ட்வுட். சிறந்த நடிகை விருது லீசிக்கு, வயது ஐம்பத்தேழு. அடுத்து பிரான்ஸின் தேசிய சினிமா விருதான செசார், துணை நடிகைக்கு. ஒரே வேஷத்துக்குக் கானில் நாயகி, செசாரில் துணை. இரண்டுமே தப்பில்லை என்றுதான் படுகிறது.

சரி, இதற்குப் பிறகு வேறு யாராக இருந்தாலும் ஐரோப்பாவின் பெரிய இயக்குநர்களின் பின்னால் போயிருப்பார்கள். இவர் தொலைக்காட்சிக்குத் திரும்பினார். 2001இல் ஓர் அழகு நிலையத்தைச் சுற்றி நடக்கும் 'இல் பெல்லோ தெல்லே தொன்னே'. அப்புறம் 2005 முதல் 2010 வரை மூன்று பருவம் ஓடிய 'கத்தெரீனாவும் அவள் மகள்களும்'. ஆமாம், மறுபடி கத்தெரீனா. முதலில் மலைக்கிராமத்துக் கோமகள், இரண்டாவது பிள்ளைகளைக் காய்களாக நகர்த்திய ராஜமாதா, மூன்றாவது வளர்ந்த மகள்களின் காதல் சிக்கல்களில் தலையைக் கொடுத்து மாட்டிக்கொள்ளும் தனியார் சானல் அம்மா. இதை யாரும் திட்டமிட்டிருக்க மாட்டார்கள். எனக்கு மட்டும் மூன்றாவதைப் பார்க்கும்போது இரண்டாவது ஞாபகம் வந்து தொலைக்கிறது. மகளுக்குக் கோப்பையில் எதையோ ஊற்றிக் கொடுத்தால், குடிக்காதே பெண்ணே என்று சொல்லத் தோன்றும்.

இத்தாலிய விமர்சகர்களுக்கு இந்தத் தொடர்கள் மேல் பெரிய மரியாதை கிடையாது. நியாயம்தான், விளக்கு வெளிச்சம் எல்லா அறையிலும் ஒரே மாதிரி, இசை எப்போது அழ வேண்டும் என்று முன்கூட்டியே சொல்லிவிடும். ஆனால் லீசி அதில் வேலையைக் குறைத்துச் செய்ததாக எனக்குத் தெரியவில்லை. மனப்பாடம் செய்து, வெட்டில்லாமல் பேசிப் பழகிய பழைய ஷெனெஜ்ஜாத்தோ ஆள். எதிராளி பேசும்போது கவனித்துக் கேட்கிறார். தொலைக்காட்சித் தொடரில் கேட்கத் தெரிந்தவர்கள் ரொம்பக் குறைவு.

கணவர் போய் ஒரு வருஷத்துக்குப் பிறகு, 2014 டிசம்பர் 18 அன்று ரோமில் இறந்தார். எழுபத்தெட்டு வயது. இரங்கல் செய்திகளில் அந்தப் பற்பசை வாசகம் திரும்பவும் வந்தது.

கடைசிப் படம் 'லத்தின் லவர்' அடுத்த மார்ச்சில்தான் வெளியானது. எடுத்தவர் கிறிஸ்தீனா கொமென்சீனி, அந்த வயதான தம்பதிப் படத்தை எடுத்தவரின் மகள். செத்துப் பத்து வருஷமான ஒரு பெரிய நடிகனுக்குச் சொந்த ஊரில் நினைவு விழா. அவனுடைய பெண்டாட்டிகளும் ஊர் ஊராகப் பெற்ற மகள்களும் ஒரே வீட்டில் வந்து தங்குகிறார்கள். லீசி இத்தாலிய மனைவி ரீத்தா, வீட்டுக்காரி. ஸ்பானிய மனைவியாக மரீசா பரேதெஸ். இரண்டு சக்களத்திகள், இருவருக்கும் வயதாகிவிட்டது, சண்டை போட வேண்டிய ஆளும் இல்லை. சுவரெல்லாம் அந்த நடிகனின் படங்கள், ஊரே அவனைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கிறது. ரீத்தா முடியை அழகாக வாரி, எல்லோருக்கும் படுக்கை போதுமா, சாப்பாடு போதுமா என்று பார்த்துக்கொண்டு நடமாடுகிறாள். அவ்வப்போது சிரிக்கவும் செய்கிறாள். அந்தச் சிரிப்பில், அந்த ராத்திரி நான் விளம்பரத்தில் பார்த்த பெண்ணை ஒருவழியாக அடையாளம் கண்டுகொண்டேன்.